காமிரா வைத்திருந்த குற்றத்துக்காக...

வேலையில் புதிதாகச் சேர்ந்த 21 வயசுப் பையன். முதல் டூர். 'கிராமங்களுக்குப் போ, ஜனங்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று படம் பிடித்துக்கொண்டு வா, பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டவேண்டும்' என்று சொல்லி அனுப்பினார்கள். பையன் போனான். சொன்னதைச் சுத்தமாகச் செய்தான். ஜனங்கள் எப்படி வாழ்ந்தார்களோ, அப்படியே படம் பிடித்துக்கொண்டு வந்தான்.

அதற்குக் கிடைத்த பரிசு, ஒரு வருஷ ஜெயில்!

பையனின் பெயர் ரெனே வோத்தியே. பிரெஞ்சுக்காரர். டாக்குமெண்டரி எடுப்பவர். 'கேள்விப்பட்டதே இல்லையே சார்' என்று தலையைச் சொறிய வேண்டாம். அவருடைய முதல் படத்தை அவருடைய சொந்த நாட்டு ஜனங்களே நாற்பது வருஷத்துக்கு மேல் பகிரங்கமாகப் பார்க்க முடியாமல் இருந்தது.

டாக்குமெண்டரி என்றால் நமக்கெல்லாம் ஒரு அனுபவம் உண்டு. மெயின் படத்துக்கு முன்னால், கறுப்பு வெள்ளையில், அணைக்கட்டையும் நெல் வயலையும் காட்டி ஒருவர் கனத்த குரலில் பேசுவார். அதற்குள் நாம் வெளியே போய் முறுக்கு வாங்கிக்கொண்டு வந்துவிடலாம். இந்த வோத்தியே கதையிலும் ஒரு அணைக்கட்டு வருகிறது. ஆனால் முறுக்கு வாங்கப் போக முடியாது.

1928 ஜனவரி 15-ல், பிரான்ஸின் மேற்குக் கோடியில் பிரிட்டானி கடற்கரையில் கமாரே என்ற ஊரில் பிறந்தவர். அப்பா ஃபாக்டரித் தொழிலாளி. அம்மா டீச்சர். ஹிட்லர் படை பிரான்ஸைப் பிடித்திருந்த காலம் அது. 15 வயதில் தலைமறைவு இயக்கத்தில் சேர்ந்துவிட்டார். 16 வயதில் யுத்த வீரப் பதக்கம். நம்மூரில் ப்ளஸ் ஒன் டியூஷனுக்கு சைக்கிளில் போகிற வயசு!

யுத்தம் முடிந்தது. கூட இருந்த சிநேகிதர்கள் சிலர் செத்துப் போயிருந்தார்கள். இனிமேல் துப்பாக்கியைத் தொடுவதில்லை என்று முடிவு செய்தார். துப்பாக்கி வேண்டாமென்றால் வேறு எதால் சண்டை போடுவது? காமிரா. பாரிஸில் சினிமாக் கல்லூரியில் சேர்ந்து 1948-ல் தேறி வெளியே வந்தார். அடுத்த வருஷமே அந்த டூர்.

அனுப்பி வைத்தது பிரான்ஸின் ஒரு பெரிய கல்வி அமைப்பு. போகச் சொன்ன இடம் மேற்கு ஆப்பிரிக்கா. இன்றைய மாலி, ஐவரி கோஸ்ட், புர்கினா ஃபாஸோ எல்லாம் அப்போது பிரெஞ்சு சாம்ராஜ்யத்தின் ஜில்லாக்கள் மாதிரி. பிரான்ஸ் அங்கே பள்ளிக்கூடம் கட்டுகிறது, ஆஸ்பத்திரி கட்டுகிறது, நாகரிகம் கற்றுக் கொடுக்கிறது என்பதுதான் பாரிஸில் பாடப் புத்தகம் சொன்ன சேதி. அதற்குப் பொருத்தமாக நாலு நல்ல காட்சி கிடைத்தால் போதும்.

வோத்தியே கண்ட காட்சி வேறு. நைஜர் நதியில் ஒரு பெரிய அணைக்கட்டு. எந்திரம் செய்யவேண்டிய வேலையை வரிசையாக மனிதர்கள் நின்று கையால் செய்துகொண்டிருந்தார்கள். காரணம் என்ன? மோட்டாரை ஓட்டுவதைவிட ஆப்பிரிக்கக் கூலி மலிவு! ஐவரி கோஸ்டில் ஒரு கிராமம். வரி பாக்கி. சிப்பாய்கள் வந்துபோன பிறகு மிஞ்சியது எரிந்த குடிசைகளும் சுவரில் குண்டுத் துளைகளும். எல்லாவற்றையும் படம் பிடித்தார்.

ஒரு நாள் கவர்னர் ஆபீஸிலிருந்து ஆள் வந்தது. 'பர்மிஷன் இருக்கிறதா?'

காலனிகளில் யார் படம் எடுத்தாலும் கவர்னரிடம் முன் அனுமதி வாங்கவேண்டும், அதிகாரி ஒருவர் கூடவே இருந்து மேற்பார்வை பார்க்கவேண்டும் என்று 1934-ல் போட்ட ஒரு உத்தரவு இருந்தது. போட்டவர் அப்போதைய காலனி மந்திரி பியேர் லாவால். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் ஹிட்லரோடு கூட்டுச் சேர்ந்து பிரான்ஸை ஆண்டவர் இதே லாவால்தான். யுத்தம் முடிந்ததும் தேசத் துரோகி என்று 1945 அக்டோபரில் சுட்டுக் கொன்றார்கள். ஆளைச் சுட்டார்களே தவிர, அவர் போட்ட உத்தரவை ஃபைலில் பத்திரமாக வைத்திருந்தார்கள்! ஹிட்லரை எதிர்த்துப் பதக்கம் வாங்கிய பையனை, ஹிட்லரின் கூட்டாளி போட்ட சட்டத்தில் உள்ளே தள்ளினார்கள். ஆபீஸில் வேலை பார்ப்பவர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்காது. ஜி.எம். மாறுவார், ஜி.ஓ. மாறாது.

படச்சுருள்கள் எப்படியோ பாரிஸ் வந்து சேர்ந்தன. போலீஸும் வந்து சேர்ந்தது. மொத்தம் 50 ரீலையும் ஜப்தி செய்துவிட்டார்கள். விசாரணைக்குக் கூப்பிட்டு, 'இதெல்லாம் நீ எடுத்ததுதானா, பார்த்துச் சொல்' என்று முன்னால் அடுக்கினார்கள். நம்ம ஆள் பார்த்தார். பார்க்கிற சாக்கில் சிலதை மெதுவாக நகர்த்திவிட்டார். போலீஸ் மூக்குக்குக் கீழே 17 ரீல் அபேஸ்!

அந்த 17 ரீலை வைத்துத்தான் 'ஆப்பிரிக்கா 50' என்ற படம் பிறந்தது. 17 நிமிஷம் ஓடும். விளக்கவுரையை வோத்தியேவே பேசினார். பின்னணி இசை, கினி நாட்டுக் கலைஞர் கெய்த்தா ஃபொடேபா. முதல் சில நிமிஷம் சமர்த்தாக, பாடப் புத்தகம் மாதிரி கிராமம், குழந்தைகள், நெசவு, மீன்பிடிப்பு என்று போகும். அப்புறம் திடீரென்று குரல் மாறும். எந்தெந்தக் கம்பெனி ஆப்பிரிக்காவிலிருந்து எவ்வளவு கொண்டுபோகிறது என்று பெயரோடு, தொகையோடு பட்டியல் வாசிக்கும். எரிந்த குடிசையைக் காட்டும். மிச்ச 33 ரீலில் என்ன இருந்தது என்று யாருக்கும் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை.

இங்கே ஒரு விஷயம் புரிந்துகொள்ளவேண்டும். புத்தகத்தைத் தடை செய்வதைவிட சினிமாவைத் தடை செய்வது ரொம்ப சுலபம். கவிதை எழுத பென்சில் போதும். சினிமாவுக்கு ஃபிலிம் வாங்கவேண்டும், லாபில் கொடுத்துக் கழுவவேண்டும், பிரிண்ட் போடவேண்டும், அப்புறம் தியேட்டர் வேண்டும். பிரான்ஸில் தியேட்டரில் போட சர்க்கார் 'விசா' கொடுக்கவேண்டும். நாம் அமெரிக்கா போக வாங்குகிற விசா இல்லை. நம் சென்ஸார் சர்டிபிகேட்டின் சொந்தக்காரன். இந்த வரிசையில் எந்த இடத்திலும் கையை வைத்து நிறுத்தலாம். செல்போனில் படமெடுத்து அடுத்த நிமிஷமே ஊர் உலகத்துக்கு அனுப்பிவிடுகிற நமக்கு அந்தக் கஷ்டம் புரிவது கஷ்டம். படச்சுருள் என்பது தகர டப்பாவில் இருக்கும் ஒரு பொருள். பறிக்கலாம். எரிக்கலாம். ஒரே பிரதிதான் என்றால் கதை அதோடு முடிந்தது.

'ஆப்பிரிக்கா 50' அப்படி முடியவில்லை. தொழிற்சங்க ஹால்களிலும் ஃபிலிம் கிளப்புகளிலும் ரகசியமாக ஓடியது. வோத்தியே மட்டும் ராணுவ ஜெயிலில் இருந்தார். 1952-ல் வெளியே வந்தார்.

வந்தவர் சும்மா இருந்தாரா? அதுதான் இல்லை. அடுத்து அல்ஜீரியா.

அல்ஜீரியாவுக்குப் போவதற்கு முன்னால் நம்ம புதுச்சேரிக்கு ஒரு நடை போய்வந்துவிடலாம். புதுச்சேரியில் பிரெஞ்சுக் கொடி இறங்கி நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது 1954 நவம்பர் 1. அதே 1954 நவம்பர் 1-ஆம் தேதிதான் அல்ஜீரியாவில் தேசிய விடுதலை முன்னணி தன் முதல் குண்டுகளை வெடித்தது. ஒரே நாள், ஒரே சாம்ராஜ்யம். இங்கே கையெழுத்தில் முடிந்த விஷயம் அங்கே ஏழரை வருஷம் இழுத்தது. நிஜமாகவே ஏழரைதான். லட்சக்கணக்கில் உயிர் போயிற்று.

ஏன் அப்படி? புதுச்சேரி ஒரு கடையோரத் துண்டு. அல்ஜீரியாவோ 1830-லிருந்து கையில் இருந்த பூமி. பத்து லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவான ஐரோப்பியர்கள் குடியேறி வேர் விட்டிருந்தார்கள். 'அது காலனியே இல்லை, பிரான்ஸின் ஒரு பகுதி' என்பதுதான் சட்டம். ஆகவே அங்கே நடந்ததற்கு யுத்தம் என்று பெயர் சொல்லக்கூடாது. 'ஒழுங்கை நிலைநாட்டும் நடவடிக்கை' என்றுதான் சொல்லவேண்டும். அதை 'யுத்தம்' என்று பிரெஞ்சுப் பார்லிமெண்ட் சட்டபூர்வமாக ஒப்புக்கொண்டது எப்போது தெரியுமா? 1999-ல்!

பெயரே சொல்லக்கூடாத யுத்தத்தைப் படமெடுக்க மட்டும் விடுவார்களா? கொதாரின் 'சின்னச் சிப்பாய்' படத்தை 1960-லிருந்து 1963 வரை பூட்டி வைத்தார்கள். அவராவது கதைப்படம் எடுத்தவர். வோத்தியே 'அல்ஜீரியா ஒரு தேசம்' என்றே ஒரு குறும்படத்துக்குப் பெயர் வைத்தார். தலைப்பே போதாதா? நாட்டின் பாதுகாப்புக்குப் பங்கம் விளைவித்ததாக வழக்கு.

1956 வாக்கில் மனுஷன் பக்கத்து நாடான துனீஷியாவுக்குப் போய்விட்டார். அங்கே 'தங்க வளையங்கள்' என்று ஒரு குறும்படம் எடுத்தார். அதில் துனிஸில் பள்ளிக்கூடம் படித்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணுக்கு ஒரு சின்ன வேஷம். அவர்தான் பின்னாளில் உலகத்தையே கிறங்கடித்த கிளாடியா கார்டினேல்! (பேச்சிலர் ரூம் வாசகர்கள் இந்த இடத்தில் ஒரு நிமிஷம் மௌனமாக நின்றுவிட்டு மேலே படிக்கலாம்.)

அங்கிருந்து எல்லை தாண்டி அல்ஜீரியப் போராளிகளோடு ஓரேஸ் மலைப்பக்கம் போனார். துப்பாக்கியோடு அல்ல, காமிராவோடு. விடுதலை முன்னணியின் பெரிய தலைவர் அபான் ரம்தானோடு பேசி வைத்துக்கொண்ட ஏற்பாடு அது. மலையில் நடந்ததை எடுத்து 'தீப்பிடித்த அல்ஜீரியா' என்று 1958-ல் படமாக்கினார். சண்டையில் காயமும் பட்டார். காமிரா சிதறி அதன் துண்டு ஒன்று தலைக்குள் போய்விட்டது. அது கடைசிவரை அங்கேயே இருந்தது. 'சினிமா மண்டையில் ஏறிவிட்டது' என்று யாரையாவது கிண்டல் செய்கிறோமே, இவருக்கு நிஜமாகவே ஏறியிருந்தது.

இந்த இடத்தில் சினிமாவாக இருந்தால் என்ன ஆகும்? போராளிகள் மாலை போடுவார்கள், பின்னணியில் பாட்டு வரும், இடைவேளை. நடந்தது என்ன?

படம் தயாராகும் நேரத்தில் அபான் ரம்தான் இல்லை. 1957 டிசம்பரில் மொராக்கோவில் அவரைக் கொன்றுவிட்டார்கள். கொன்றது பிரெஞ்சுக்காரர்கள் இல்லை. சொந்த இயக்கத்துக்காரர்கள்! உட்கட்சிப் போட்டி. விஷயத்தை வெளியே சொல்லாமல், 'போர்க்களத்தில் வீரமரணம்' என்று சேதி போட்டார்கள். அந்த நேரம் பார்த்து, 'அபானோடு பேசி முடிவு செய்தேன்' என்று ஒரு வெள்ளைக்காரர் படப்பெட்டியோடு வந்து நின்றால்? பிடித்து உள்ளே போட்டுவிட்டார்கள். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை. 25 மாதம்!

பிரான்ஸ் அரசாங்கம் போட்ட தண்டனை ஒரு வருஷம். யாருக்காகப் பாடுபட்டாரோ அவர்கள் போட்டது இரண்டு வருஷத்துக்கு மேல். பிரான்ஸாவது கோர்ட்டில் நிறுத்தி, செக்ஷன் நம்பர் சொல்லி உள்ளே வைத்தது. இங்கே அதுவும் இல்லை.

நானாக இருந்தால், வெளியே வந்த அன்றே முதல் கப்பல் பிடித்து ஊருக்குப் போய் ஒரு போட்டோ ஸ்டுடியோ வைத்துப் பிழைத்திருப்பேன். கல்யாண ஆர்டர் வந்தால் போதாதா? வோத்தியே 1960-ல் வெளியே வந்து, அதே அல்ஜீரியர்களோடு திரும்பவும் வேலையைத் தொடங்கினார். அப்போது உருவான படம் 'எனக்கு எட்டு வயசு'. எல்லை தாண்டி ஓடிவந்த அகதிக் குழந்தைகளிடம் பேப்பரும் கலரும் கொடுத்து, பார்த்ததை வரையச் சொன்னார்கள். வீடு எரிவது, சிப்பாய், அப்பா கீழே கிடப்பது... எட்டு நிமிஷம் அந்தப் படங்களும் குழந்தைகள் குரலும் மட்டும். டாக்டர் ஃபிரான்ஸ் ஃபனோனும் இதற்குத் துணை நின்றார். தயார் செய்தவர் வோத்தியே, டைரக்ட் செய்தவர்கள் வேறு நண்பர்கள். பிரான்ஸ் போலீஸ் இதையும் திரும்பத் திரும்ப ஜப்தி செய்தது. எட்டு வயசுப் பிள்ளைகள் வரைந்த சித்திரத்துக்குப் பயந்த சர்க்கார்!

1962 ஜூலை 5. அல்ஜீரியாவுக்கு சுதந்திரம்.

வோத்தியேவுக்கு ஆல்ஜியர்ஸ் நகரத்தில் வேலை இருந்தது. ஒலி-ஒளி மையம் ஒன்றை ஆரம்பித்து, உள்ளூர்ப் பையன்களுக்குக் காமிரா பிடிக்கக் கற்றுக்கொடுத்தார். அகமது ரஷேதி போன்ற பிற்காலத்து டைரக்டர்கள் அங்கே பழகியவர்கள். 1963-ல் எல்லோருமாகச் சேர்ந்து 'நடைபோடும் மக்கள்' என்று ஒரு படம். 'ஸினி-பாப்' என்று ஒரு திட்டமும் வைத்திருந்தார்கள். வண்டியில் ப்ரொஜெக்டரை ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகப் போய்ப் படம் போடுவது. நம்ம டூரிங் டாக்கீஸ்தான். ஒரே வித்தியாசம், படம் முடிந்ததும் ஜனங்கள் உட்கார்ந்து அதைப் பற்றிப் பேசவேண்டும். புத்தம்புது தேசம், பாதிப் பேருக்கு மேல் எழுதப் படிக்கத் தெரியாத தேசம். அங்கே படம்தான் பேப்பர், படம்தான் பள்ளிக்கூடம். வோத்தியேவின் வாழ்க்கையில் போலீஸ் கதவைத் தட்டாத வருஷங்கள் இவைதான் என்று நினைக்கிறேன்.

ரொம்ப நாள் நீடிக்கவில்லை. 1964-ல் தியேட்டர்களை எல்லாம் அரசாங்கம் எடுத்துக்கொண்டது. 1965 ஜூன் 19-ல் ராணுவத் தளபதி பூமெதியன், ஜனாதிபதி பென் பெல்லாவை ராத்திரியோடு ராத்திரியாகக் கவிழ்த்தார். அப்போது ஆல்ஜியர்ஸில் 'அல்ஜியர்ஸ் யுத்தம்' என்ற பிரபல படத்தின் வேலைகள் நடந்துகொண்டிருந்தன. நிஜ டாங்கிகள் தெருவில் வந்தபோது ஜனங்கள் 'ஷூட்டிங்' என்று நினைத்து வேடிக்கை பார்த்தார்கள் என்று சொல்வார்கள். வோத்தியே அடுத்த வருஷம் பிரிட்டானிக்குத் திரும்பிவிட்டார்.

ஊரில் அவருக்கு வேறொரு கூட்டம் காத்திருந்தது. கட்டாய ராணுவ சேவைக்காக அல்ஜீரியாவுக்கு அனுப்பப்பட்டு, செய்யக்கூடாததைச் செய்துவிட்டு, வாயைத் திறக்காமல் வீட்டில் உட்கார்ந்திருந்த பிரெஞ்சுப் பையன்கள். ஒரு காலத்தில் இவர் காமிரா இருந்த பக்கத்துக்கு எதிர்ப்பக்கம் நின்றவர்கள். அவர்களிடம் நூற்றுக்கணக்கான மணி நேரம் டேப் ரிக்கார்டரை வைத்துக் கேட்டார். அதிலிருந்து எடுத்த கதைப்படம் 'ஓரேஸ் மலையில் இருபது வயசு'. சாதுவான பையன் எப்படிப் படிப்படியாகக் கொலைகாரன் ஆகிறான் என்பதுதான் கதை. 1972-ல் கான் விழாவில் சர்வதேச விமர்சகர்கள் பரிசு கிடைத்தது.

பரிசு வாங்கினவர் அடுத்த வருஷம் என்ன செய்தார்? பட்டினி கிடந்தார்!

1961 அக்டோபர் 17-ஆம் தேதி பாரிஸில் ஊர்வலம் போன அல்ஜீரியர்களைப் போலீஸ் அடித்துக் கொன்று, பலரை ஸேன் நதியில் தூக்கிப் போட்டது. எத்தனை பேர் என்பதில் சரித்திர ஆசிரியர்களிடையே சர்ச்சை. சிலர் சில டஜன் என்கிறார்கள், சிலர் இருநூறுக்கு மேல் என்கிறார்கள். இதைப் பற்றி ழாக் பானிஷெல் என்பவர் எடுத்த 'பாரிஸில் அக்டோபர்' படம் 1962-லிருந்து விசா இல்லாமல் முடங்கிக் கிடந்தது. அடுத்தவர் படம்! அதற்காக வோத்தியே 1973 ஜனவரி 1-ல் உண்ணாவிரதம் உட்கார்ந்தார். கோரிக்கை ரொம்ப எளிமை. 'படத்தைத் தடை செய்தால் காரணத்தை எழுதிக் கொடு. அரசியல் காரணத்துக்காகத் தடை செய்யாதே.' அவ்வளவுதான். அலென் ரெனே போன்ற பெரிய டைரக்டர்கள் ஆதரவு கொடுத்தார்கள். 31 நாள் கழித்து அரசாங்கம் இறங்கி வந்தது. படத்துக்கு விசாவும் கிடைத்தது.

ஆனால் பானிஷெல் ஒரு பிடிவாதக்காரர். முன்னுரையாக இன்னொரு பகுதி எடுத்துச் சேர்க்காமல் தியேட்டருக்குத் தரமாட்டேன் என்றுவிட்டார். கடைசியில் 'பாரிஸில் அக்டோபர்' தியேட்டருக்கு வந்தது 2011-ல், பானிஷெல் காலமான பிறகு. ஒரு மாசம் பட்டினி கிடந்து வாங்கிக் கொடுத்த விசா, 38 வருஷம் ஃபைலில் தூங்கியது!

1980களில் இன்னொரு அடி. அல்ஜீரியாவில் பிரெஞ்சு ராணுவம் நடத்திய சித்திரவதை பற்றிப் பாரிஸில் ஒரு அவதூறு வழக்கு நடந்தது. வழக்குப் போட்டவர் தீவிர வலதுசாரித் தலைவர் லூ பென். சித்திரவதை பட்ட ஒருவரின் சாட்சியத்தை வோத்தியே படமெடுத்து வைத்திருந்தார். அது கோர்ட்டில் காட்டப்பட்டது. அதற்குப் பிறகு அவர் பிரிட்டானியில் சேர்த்து வைத்திருந்த படச்சுருள்களை யாரோ உள்ளே புகுந்து நாசம் செய்துவிட்டார்கள். கிலோமீட்டர் கணக்கில் ஃபிலிம். நறுக்கி, எண்ணெயைக் கொட்டி... வாழ்நாள் சேமிப்பு. சர்க்காராவது ஜப்தி செய்தால் ரசீது கொடுக்கும்.

அதற்குப் பிறகும் முப்பது வருஷம் இருந்தார். 1998-ல் சுயசரிதை எழுதினார். 2015 ஜனவரி 4-ல், 86 வயதில், பிரிட்டானியிலேயே காலமானார்.

அந்த 17 நிமிஷப் படம் என்ன ஆயிற்று என்று கேட்கிறீர்களா? 1990களின் நடுவில் பிரெஞ்சு வெளிவிவகார இலாகாவே 'ஆப்பிரிக்கா 50'-ன் ஒரு பிரதியை வோத்தியேவிடம் கொடுத்தது. எந்த சாம்ராஜ்யம் அவரை உள்ளே தள்ளியதோ, அதன் வாரிசு ஆபீஸ், 'இந்தாருங்கள் சார், உங்கள் படம்' என்று நீட்டியது. அப்புறம் அது அங்கங்கே பகிரங்கமாகத் திரையிடப்பட்டது.

ஆரம்பத்தில் அதை யாருக்காக எடுக்கச் சொன்னார்கள்? பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்காக. 1950-ல் பன்னிரண்டு வயசாக இருந்த பிள்ளை, படம் கைக்கு வந்தபோது பென்ஷன் பேப்பரில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தது.